விசிறிச் சாலைக்கு நான் விசிறி

எங்கள் வீட்டுப் பழைய பத்திரத்தில் ‘பங்கா ரோடு குடியிருப்புத் திட்டம்’ என்று தட்டச்சு அடித்திருக்கும். பங்கா என்றால் விசிறி. அரசாங்கக் காகிதத்தில் விசிறிச் சாலை, வாய்நிறையக் கூப்பிட ஜனகமகாராஜாவின் பெயர்! கல்யாணமாகி இங்கே வந்து நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகிறது. இன்றைக்கும் ஆட்டோக்காரரிடம் “ஜனக்புரி” என்று சொல்லும்போது எனக்குள் ஒரு சந்தோஷம் துள்ளும்.

மேற்குத் தில்லிதானே, வெறும் பிளாக்குகள்தானே என்பவர்களைக் கண்டால் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்க் காட்டவேண்டும் போலிருக்கும். 1957இல் டி.டி.ஏ. என்னும் தில்லி வளர்ச்சி ஆணையம் பிறந்தது. 1962இல் தில்லியின் முதல் மாஸ்டர் பிளான் வந்தது. எழுபதுகளில் இந்த வயல்வெளியில் ஏ, பி, சி, டி என்று நான்கே எழுத்தில் ஓர் ஊர் எழும்பியது. ஆசியாவிலேயே பெரிய குடியிருப்பு என்று அப்போது சொல்லிக்கொள்வார்கள். ஊரிலிருந்து வந்த அத்தனை பேரிடமும் நானும் அதைச் சொல்லிச் சொல்லிப் பூரித்திருக்கிறேன்.

ஆனால் என் மனசு கிடப்பது பிளாக்குகளில் இல்லை, அவற்றுக்கு நடுவே இருக்கும் கிராமங்களில். போசங்கிபூர், அசாலத்பூர், நங்லி ஜாலிப். ஆமாம், ஜனக்புரிக்குள்ளேதான்! வயல்கள் போயின, கிராமங்கள் போகவில்லை. கிராம நத்தத்தைச் சுற்றி வருவாய்த் துறைக்காரர்கள் வரைபடத்தில் இழுத்த சிவப்புக் கோட்டுக்கு ‘லால் டோரா’ என்று பெயர், சிவப்பு நூல். 1908இலிருந்து வழங்கும் சொல். அந்த நூலுக்குள் இருந்த வீடுகள் அப்படியே நின்றன, வெளியே இருந்த கழனிகள் காலனியாயின. அளவுகோல் வைத்துப் போட்ட தெருவில் நடந்துகொண்டே இருப்பீர்கள். ஒரு திருப்பம், அவ்வளவுதான், சந்து ஆறு மாதிரி வளைய ஆரம்பித்துவிடும். எப்பேர்ப்பட்ட அனுபவம் தெரியுமா அது! ஒரு வேப்பமரத்தடிக் கயிற்றுக் கட்டிலில் தினமும் உட்கார்ந்திருந்த பெரியவரிடம் “ராம் ராம், தாவூஜி (பெரியப்பா)” என்பேன். ஒருநாள் எங்கள் தெருப் பக்கம் கையை நீட்டி, “மகளே, அங்கேதான் எங்க கம்பு விளைஞ்சுது” என்றார். அன்றிலிருந்து வாசலில் கோலம் போடக் குனியும்போதெல்லாம் மாவுக்குக் கீழே கம்பங்காடு இருப்பதாகவே எனக்குத் தோன்றும்.

தண்ணீர்க் கதையையும் சொல்லியாக வேண்டும். விகாஸ்புரியைத் தாண்டினால் நஜஃப்கட் நாலா. மூக்கைப் பொத்திக்கொண்டு கடப்பவர்களே, ஒரு நிமிஷம் நில்லுங்கள்! அது ராஜஸ்தானத்து ஆரவல்லிக் குன்றுகளில் கிளம்பி ஹரியானா வழியாக வந்து யமுனையில் கலந்த சாஹிபி ஆறு. நஜஃப்கட் பக்கம் அது தேங்கி ஒரு பெரிய ஏரியாகவே நின்றிருக்கிறது. ஆங்கிலேயர் காலத்தில் வடிகால் வெட்டி அந்த ஏரியை வடித்தார்கள். இன்று தில்லிக்குள் சுமார் 57 கிலோமீட்டர் ஓடும் கால்வாய் அது. நாங்கள் குடியிருப்பது சாக்கடைக்குப் பக்கத்தில் இல்லை, ஓர் ஆற்றின் சமவெளியில்! இது தெரிந்த நாளில் எங்கள் வீட்டில் யாருக்கும் தூக்கம் வரவில்லை, அவ்வளவு பேசினேன்.

அக்கம்பக்கமும் லேசுப்பட்டதல்ல. 1947க்குப் பிறகு மேற்குப் பஞ்சாபிலிருந்து வந்தவர்கள் வேரூன்றிய திலக் நகர் ஒரு பக்கம். உத்தம் நகரில் தெருத்தெருவாகச் சக்கரம் சுழலும் குயவர் குடியிருப்பு இன்னொரு பக்கம். என் கார்த்திகை அகல் எல்லாம் அங்கே வாங்கியதுதான்.

தமிழருக்கு இங்கே இருக்கும் உரிமையைச் சொன்னால் நம்பமாட்டார்கள். 1923இல் தொடங்கிய தில்லித் தமிழ்க் கல்விக் கழகத்தின் ஏழு பள்ளிகளில் ஒன்று ஜனக்புரியில் இருக்கிறது. பிள்ளைகள் காலையில் இந்தியில் சண்டை போட்டுக்கொண்டு போய், சாயங்காலம் திருக்குறளோடு திரும்பி வருவார்கள். டி பிளாக்குக்கு எதிரே இன்ஸ்டிடியூஷனல் ஏரியா. மத்திய சமஸ்கிருதப் பல்கலைக்கழகத்தின் தலைமையகம் அங்கேதான். அதே வரிசையில் ஆயுர்வேத ஆராய்ச்சிக் குழுமம். 2010இல் தனிக் குழுமமாகிச் சென்னையில் அமரும்வரை நம் சித்த மருத்துவ ஆராய்ச்சியும் அந்தக் குழுமத்தோடு சேர்ந்துதான் இருந்தது. நிலவேம்புக்கும் எங்கள் ஜனக்புரிக்கும் இப்படி ஓர் உறவு!

மெட்ரோ வந்தது 2005 டிசம்பர் 31. புத்தாண்டுப் பரிசு என்று தெருவே கொண்டாடியது. 2018 மே மாதம் மெஜந்தா வழியும் சேர்ந்தபோது ஜனக்புரி வெஸ்ட் நிலையத்தில் வைத்த நகரும் படிக்கட்டின் உயரம் 15.65 மீட்டர், அன்றைக்கு இந்தியாவிலேயே உயரமானது. முதல் வாரமே பேத்தியோடு மூன்று தடவை ஏறி இறங்கினேன். அப்படியே பறப்பது மாதிரி இருந்தது! 2025 ஜனவரி 5 அன்று அந்த வழி கிருஷ்ணா பார்க் எக்ஸ்டென்ஷன் வரை நீண்டது.

இத்தனையையும் விட்டுக்கொடுத்தாலும் விடமாட்டேன் என்று ஒன்று உண்டு, ஐப்பசி வாசனை. லூ என்னும் கோடை அனல்காற்றும் மழையும் ஓய்ந்து, குளிர் எட்டிப் பார்க்கும் அந்தச் சில வாரங்களில் தெருவெல்லாம் ஒரு மரம் பூக்கும். அந்தி சாய்ந்ததும் தலை கிறுகிறுக்கிற மணம். இங்கே சப்தபர்ணி என்பார்கள். என்ன மரமென்று தெரியாமலே பல வருஷம் அதன் கீழ் நடந்திருக்கிறேன். ஒரு தடவை கும்பகோணத்திலிருந்து அப்பா வந்திருந்தார். காய்கறிப் பையோடு திரும்பும்போது சட்டென்று நின்று, தாழ்ந்த கிளையொன்றைப் பிடித்து இலைகளை எண்ணினார். “ஏழு இருக்கு பார். ஏழிலைப்பாலைடி இது, நம்ம மரம்!” என்றார். இருட்டிய பிறகும் வீட்டுக்கு வர அவருக்கு மனசில்லை. பையை அடியில் வைத்துவிட்டு இரண்டு பேரும் அங்கேயே நின்றிருந்தோம்.

அக்டோபர் கடைசியில் வாருங்கள். ஜனக்புரி வெஸ்டில் இறங்கி, அந்தப் பெரிய படிக்கட்டில் மேலே வந்துவிடுங்கள். சாயங்காலம் ஆறரை மணிக்கு மேல் வந்தால் நல்லது, அப்போதுதான் மணம் ஏறும். வாசலில் நான் நிற்பேன், நடந்தே போகலாம்.