அண்ணாவின் திரைக்கதைகள்: ‘வேலைக்காரி’யை முன்வைத்து ஒரு நோக்கு

காஞ்சிபுரத்தில் 1909ஆம் ஆண்டு பிறந்த அறிஞர் அண்ணா எழுதிய திரைப்படங்களைக் கட்சிப் பரப்புரையின் கருவிகள் என்று கூறி அமைவது ஆய்வாளரிடையே வழக்கமாகிவிட்டது. ஆண்டுகளை நோக்கின் அக்கூற்று அவ்வளவு எளிதில் நில்லாது. ‘நல்லதம்பி’யும் ‘வேலைக்காரி’யும் 1949ஆம் ஆண்டின் தொடக்கத்தில் வெளிவந்தன, திராவிட முன்னேற்றக் கழகம் தோன்றியதோ அவ்வாண்டு செப்டம்பர்த் திங்கள் 17ஆம் நாள். தன்மான இயக்கக் கருத்துகள் இவற்றில் மிக உண்டு. எனினும், ‘நல்லதம்பி’ 1936ஆம் ஆண்டின் அமெரிக்கப் படம் ஒன்றைத் தழுவியது, ‘வேலைக்காரி’ கே. ஆர். இராமசாமியின் குழுவினர் நடித்த நாடகம். ஆதலின் இவற்றை முதற்கண் கதைகளாகவே ஆராய்தல் வேண்டும்.

‘வேலைக்காரி’யின் வேதாசல முதலியார் கொடுத்த கடனால் ஒருவன் தூக்கிட்டு மாள்கிறான். அவன் மகன் ஆனந்தன் பழிவாங்கப் புறப்படுகிறான். கொடியவனுக்கு ஆசிரியர் தந்த பெயரை நோக்குக. அண்ணாவும் செங்குந்த முதலியார் குடியினரே. பகையைப் பிற சாதியாரிடம் மட்டும் தேடாமல், தம்மவர் எனத்தக்க செல்வரிடமும் கண்ட நேர்மை இது. கடன்பட்டு உழலும் தறிக்குடிகள் நிறைந்த ஊரினர், தறியை விடுத்து நிலக்கிழார் மனையைக் களமாகக் கொண்டது ஏன் என்னும் வினாவும் எழுகிறது. எல்லா ஊரினரும் தம் ஊராகக் கொள்ளத்தக்க களத்தை அவர் விரும்பினார் போலும்.

காளியின் முன் நின்று ஆனந்தன் முறையிடும் காட்சியையே பலரும் போற்றுவர். நாம் அதனினும் வழக்குமன்றக் காட்சியை உயர்வாகக் கருதுகிறோம். பழிவாங்க வந்தவனே பகைவன் மகன் மூர்த்தியைக் கொலைக்குற்றத்தினின்று மீட்க வழக்கறிஞனாக நிற்கிறான். சொல்வன்மை ஆங்குக் கதையின் செயலாகவே ஆகிவிடுகிறது. ஏனைய இடங்களில் அது கதையை நிறுத்திவைத்து முழங்குகிறது.

குறைகளும் உள. சாக்கினுள் கிடைத்த பிணத்தின் உருவொற்றுமையால் ஆனந்தன் வேறொருவனாக மாறுவது நம்புதற்கரியது. அதனினும் பெரிய குறை வேறு. தந்தை செய்த தீமைக்காக மகள் சரசா மணவாழ்வில் துன்புறுத்தப்படுகிறாள். வேலைக்காரி அமிர்தமோ, செல்வர் ஒருவரின் மகளாகக் கருதப்படும் நிலையிலேயே மூர்த்தியை மணக்கிறாள். நூலுக்குப் பெயர் தந்தவளுக்கு, வேலைக்காரியாகவே நின்று வெல்லும் வாய்ப்பை ஆசிரியர் அளிக்கவில்லை. வழக்குரைத்து வெல்பவன் ஆடவனே. சமத்துவம் பேசிய படம் தன் தலைவியிடத்து ஏன் தயங்கியது என்பதை நம் துறைகளில் எவரேனும் நாடகப் படியையும் திரைப்படத்தையும் ஒப்பிட்டு ஆராய்தல் நன்று.

1951ஆம் ஆண்டின் ‘ஓர் இரவு’ குறித்து மிகுதியாகக் கூறவேண்டுவதில்லை. ஓர் இரவில் நிகழும் நாடகத்தின் இறுக்கம், திரைப்படத்தில் ஆடல் பாடல்களால் தளர்ந்தது. 1954இல் ‘சொர்க்கவாசல்’ வந்தது. 1956ஆம் ஆண்டின் ‘ரங்கோன் ராதா’வில் கதை மட்டுமே அண்ணாவுடையது, திரைக்கதையும் உரையாடலும் மு. கருணாநிதியுடையவை.