தாமதித்து ஆடும் கலை: ஆஸ்தா நீல்சன்

1910 செப்டம்பரில் கோபன்ஹேகனில் ‘படுகுழி’ என்ற டேனிஷ் மௌனப்படம் திரைக்கு வந்தது. எட்டு நாட்களில், ஏறத்தாழ 8,000 குரோனர் செலவில் முடிந்த படம். நாயகி ஆஸ்தா நீல்சனுக்கு அப்போது 29 வயது. நாடக மேடையில் பல ஆண்டுகள் இருந்தும் பெரிய வேடங்கள் அமையாதவர். அடுத்த ஆண்டே அவரும் இயக்குநர் ஊர்பன் காடும் ஜெர்மனிக்குப் போனார்கள். அங்கே ஏறத்தாழ எழுபது படங்களில் நடித்து ஐரோப்பாவின் முதல் பெரும் திரை நட்சத்திரங்களில் ஒருவரானார். இந்த ஏற்றத்துக்குக் காரணம் ‘படுகுழி’யில் வரும் நடனம்தான் என்று பலரும் எழுதிவிட்டார்கள். சர்க்கஸ்காரக் காதலனைக் கயிற்றால் கட்டி, அவன் உடலோடு உரசி ஆடும் காட்சி அது. அதன் துணிச்சல் இன்றும் குறையவில்லை. ஆனால் நீல்சனின் உண்மையான பலம் அதில் இல்லை. ஓர் உணர்ச்சி உள்ளே எழுவதற்கும் வெளியே தெரிவதற்கும் நடுவில் உள்ள நேரத்தைத் தன் கைக்குள் வைத்திருந்ததே அவர் பலம். பந்தைக் கடைசி நொடி வரை வரவிட்டு ஆடும் மட்டையாளரைப் போல, அவர் முகமும் உடலும் அவசரப்படுவதே இல்லை.

அதே படத்தின் முடிவைப் பாருங்கள். பியானோ ஆசிரியை மாக்தா, நல்லவனான ஒருவனோடு நிச்சயமான வாழ்வை உதறிவிட்டு சர்க்கஸ்காரனோடு ஓடி, கடைசியில் அவனையே குத்திக் கொல்கிறாள். காவலர்கள் அவளை வெளியே நடத்தி வருகிறார்கள். நெற்றியில் கை வைப்பதும் மயங்கி விழுவதும் கைகளை வான்நோக்கி விரிப்பதும் வழக்கமாக இருந்த காலம் அது. நீல்சன் விறைத்த உடலோடு, எதையும் பார்க்காத கண்களோடு நடந்து வருகிறார். அவ்வளவுதான். முகத்தை மட்டும் காட்டும் அருகாமைக் காட்சிகள் அரிதாக இருந்த காலத்தில், தோளாலும் நடையாலுமே ஒரு மனம் இடிந்துபோனதைச் சொல்லிவிட்டார். நடனம் மட்டும் இருந்திருந்தால் அந்தப் படம் ஒரு பருவத்துப் பரபரப்பாக முடிந்திருக்கும்.

கண்ணைச் சுற்றி அப்பிய மையையும் வெளுத்த முகத்தையும் காட்டி, இதுவும் மிகைதானே என்று கேட்பவர்கள் உண்டு. அன்றைய படச்சுருளுக்குச் சிவப்பு தெரியாது, நீலம் வெளிறிப்போகும். கண்ணும் உதடும் துலங்க வேண்டுமானால் அந்த ஒப்பனை தேவைப்பட்டது. தொழில்நுட்பம் கேட்டதை நடிப்பின் குறையாக எண்ணுவது நியாயமல்ல. இந்த அடக்கமெல்லாம் காடின் இயக்கத்துக்குச் சேர வேண்டிய புகழ் என்ற வாதம் இதைவிடக் கனமானது. காடும் நீல்சனும் கணவன் மனைவியாகவும் இருந்தவர்கள், பல படங்களைச் சேர்ந்தே உருவாக்கினார்கள். ஆனால் அந்தக் கூட்டு முடிந்த பிறகு லூபிட்ச், யெஸ்னர், பாப்ஸ்ட் என்று ஒருவருக்கொருவர் ஒட்டாத இயக்குநர்களிடம் அவர் நடித்தபோதும் இந்தப் பண்பு மாறவில்லை. தன் சொந்த நிறுவனத்தில் எடுத்து 1921-இல் வெளியான ‘ஹாம்லெட்’ இதற்குச் சரியான சான்று. அதில் ஹாம்லெட் பெண்ணாகப் பிறந்து, அரியணைக்காக ஆணாக வளர்க்கப்பட்டவள். நண்பன் ஹொரேஷியோ மீது காதல், சொல்ல வழியில்லை; அவள் இறந்த பிறகுதான் அவனுக்கே உண்மை தெரிகிறது. ஒரு கணம் உணர்ச்சி கட்டுமீறினாலும் கதையே குலைந்துவிடும். அடக்கத்தையே முதலாக வைத்துத் தனக்கென ஒரு வேடத்தைத் தேர்ந்தெடுத்த நடிகைக்குத் தன் திறமை எது என்று தெளிவாகத் தெரிந்திருந்தது.

பாப்ஸ்டின் ‘மகிழ்ச்சியற்ற தெரு’ (1925) பற்றி மட்டும் ஓர் எதிர்க்கருத்தை ஏற்கத்தான் வேண்டும். பணவீக்கத்தில் நொறுங்கிய வியன்னாவில் மரியா என்ற ஏழை இளம்பெண்ணாக வருகிறார். நாற்பதைக் கடந்த அவருக்குத் தொடக்கக் காட்சிகள் பொருந்தவில்லை, பக்கத்துக் கதையில் பத்தொன்பது வயது கிரேட்டா கார்போ வேறு இருக்கிறார். ஆனால் பொறாமையில் கொலை செய்துவிட்டு, பணக்காரனின் ஆசைநாயகியாக ஆடம்பர உடையில் மரியா அமர்ந்திருக்கும் பகுதிக்கு வந்தால் வயது நினைவுக்கே வருவதில்லை. முகம் முகமூடியாகிவிட்டது; குற்றம் அதன் பின்னால் இருந்து அரிக்கிறது. மரியாவின் கதையைப் பல நாடுகளில் வெட்டித் தள்ளி, படத்தைக் கார்போவின் படமாக்கினார்கள். நீல்சன் மறக்கப்பட்டதில் அந்தக் கத்தரிக்கும் பங்குண்டு என்பது என் கருத்து.

பேசும் படம் வந்ததும் அவர் தோற்றுவிட்டார் என்பது அரைகுறைத் தீர்ப்பு. 1932-இல் ஒரே ஒரு பேசும் படம், அதோடு சரி, உண்மைதான். ஆனால் கோபன்ஹேகன் ராயல் தியேட்டரில் பயின்ற மேடை நடிகைக்குக் குரல் எப்படிப் பகையாகும்? ஐம்பது வயதுப் பெண்ணுக்கு வேடம் எழுத ஆளில்லை என்பது ஒரு காரணம். மற்றது கலை சார்ந்தது: மௌனப்படத்தில் ஒரு தயக்கம் எவ்வளவு நேரம் நீளலாம் என்பதை நடிகை தீர்மானித்தார், பேசும் படத்தில் அதை வசனம் தீர்மானித்தது. அவரிடமிருந்து பறிபோனது அந்த உரிமை. 1968-இல், 86 வயதில், தன்னைப் பற்றிய ஆவணப்படத்தை வேறு யாரிடமும் விடாமல் தானே எடுத்தவருக்கு அதன் மதிப்பு தெரியாமல் இருந்திருக்காது.