வாளும் முத்திரையும்: திருச்சிக் கோட்டையைப் பற்றிய நூல்கள் குறித்து ஒரு மதிப்பீடு

ஒரு நாட்டின் முத்திரையை வைத்திருப்பவரும் அதன் படையை நடத்துபவரும் ஒருவராகவே இருக்க வேண்டுமா, இருவராக இருக்கலாமா என்பது அரசியலை ஆராய்ந்த பேரறிஞர்கள் நெடுங்காலம் சிந்தித்து வந்த கேள்வியாகும். தூனிஸில் பிறந்து, கெய்ரோவில் மாலிக்கி மத்ஹபின் காழியாகப் பணிபுரிந்து, 1406-ல் மறைந்த இப்னு கல்தூன், தமது ‘முகத்திமா’வில் வாளையும் எழுதுகோலையும் ஒப்பிட்டுத் தனிப் பகுதியே எழுதியிருக்கிறார். அரசு காலூன்றும் தொடக்கத்திலும் தளர்ந்து சாயும் இறுதியிலும் வாளின் துணையே மிகுதியாக வேண்டப்படும். அரசு நிலைபெற்ற இடைக்காலத்தில் எழுதுகோல் மேலோங்கும் என்பது அவர் கண்ட முடிவின் சாரம். மம்லூக்குகள், அதாவது படைக்கென வாங்கப்பட்ட அடிமைகள், அரியணையிலேயே அமர்ந்துவிட்ட எகிப்தில் அவர் தம் இறுதிக் காலத்தைக் கழித்தார் என்பதை நினைத்தால், இம்முடிவு ஏட்டறிவால் மட்டும் வந்ததன்று என்பது விளங்கும்.

இந்த அளவுகோலை நம் திருச்சிராப்பள்ளிக்குப் பொருத்திப் பார்க்க வேண்டும் என்பதே இக்கட்டுரையின் நோக்கம். 1736 முதல் 1764 வரை இக்கோட்டையை மையமாகக் கொண்டு நடந்தவற்றைச் சொல்லும் நூல்கள் பல. நவாப் முஹம்மது அலி வாலாஜாவின் ஆதரவில் புர்ஹான் இப்னு ஹஸன் பாரசீகத்தில் எழுதிய ‘துஸுகே வாலாஜாஹி’ ஒன்று. கிழக்கிந்தியக் கம்பெனியின் ஊழியராயிருந்த ராபர்ட் ஓர்ம், 1763-ல் முதல் தொகுதியை வெளியிட்ட போர் வரலாறு மற்றொன்று. புதுச்சேரி ஆனந்தரங்கப் பிள்ளையின் தமிழ் நாட்குறிப்பு மூன்றாவது. மதுரையின் கான்சாகிபைப் பற்றி நாட்டுப்புறத்தார் பாடிய ‘கான்சாகிபு சண்டை’ நான்காவது, அதை நா. வானமாமலை பதிப்பிக்க, மதுரைப் பல்கலைக்கழகம் 1972-ல் வெளியிட்டது. எஸ். சி. ஹில் 1914-ல் ஆங்கிலத்தில் எழுதிய யூசுப்கான் வரலாறு ஐந்தாவது.

நூல்களை மதிப்பிடுமுன் நிகழ்ச்சிகளைச் சுருக்கமாக நினைவுகூர்தல் நலம். 1736-ல் ஆர்க்காட்டு நவாப் தோஸ்த் அலிகானின் மருமகன் சந்தா சாகிபு, நாயக்க அரசி மீனாட்சியிடமிருந்து திருச்சியைக் கைப்பற்றினார். அரசிக்குத் தீங்கு செய்வதில்லை எனத் திருக்குர்ஆன்மீது ஆணையிட்டதாகவும், பட்டுத் துணியில் பொதிந்திருந்தது வேதமன்று, வெறும் செங்கல்லே என்றும் ஒரு செய்தி வழங்குகிறது. அது கதையோ உண்மையோ, அரசி ஏமாற்றப்பட்டு நஞ்சுண்டு மாண்டாள் என்பதே வரலாறு தரும் முடிவு. 1741-ல் மராட்டியர் கோட்டையைப் பிடித்து, சந்தா சாகிபைச் சிறைகொண்டு போயினர். 1748-ல் விடுதலை பெற்ற அவர், அடுத்த ஆண்டு பிரெஞ்சுக்காரர் துணையுடன் ஆம்பூர்ப் போரில் நவாப் அன்வருத்தீனை வென்றார். அன்வருத்தீன் களத்திலேயே மாண்டார். அவர் மகன் முஹம்மது அலி திருச்சிக்கு ஓடிவந்து இக்கோட்டைக்குள் அடைக்கலம் புகுந்தார்.

1751-ல் சந்தா சாகிபும் பிரெஞ்சுக்காரரும் கோட்டையை முற்றுகையிட்டனர். அதே ஆண்டு கிளைவ், ஏறத்தாழ 200 ஐரோப்பியரையும் 300 சிப்பாய்களையும் கொண்டு ஆர்க்காட்டைப் பிடித்தது முற்றுகையின் போக்கையே மாற்றியது. 1752-ல் பிரெஞ்சுப் படை காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் இடையிலுள்ள திருவரங்கத் தீவுக்குள் ஒதுங்கியது. அரங்கன் கோயிலின் ஏழு மதில்கள் பீரங்கிப் படையின் அரணாயின. ஜூன் மாதம் பிரெஞ்சுத் தளபதி சரணடைந்தார். தஞ்சைத் தளபதி மானோஜியின் வாக்குறுதியை நம்பிச் சரண்புகுந்த சந்தா சாகிபின் தலை கொய்யப்பட்டது. கோட்டையை மீட்கத் துணைக்கு வந்த மைசூர் நஞ்சராஜருக்குத் திருச்சியையே தருவதாக முஹம்மது அலி வாக்களித்திருந்தார்; வெற்றி கிட்டியதும் அவ்வாக்கு மறுக்கப்பட்டது. அதன் விளைவாகப் போர் 1754 வரை நீண்டது. அந்த ஆண்டுகளில் புதுக்கோட்டை வழியாகக் கோட்டைக்கு உணவுப் பொதிகளைக் கொண்டுசேர்த்துப் புகழ்பெற்ற சிப்பாய்த் தலைவரே முஹம்மது யூசுப்கான். பனையூரில் பிறந்த மருதநாயகம் அவர் என்பர்.

இனி நூல்களுக்கு வருவோம். ‘துஸுகே வாலாஜாஹி’யை ஆங்கிலமாக்கிச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் வாயிலாக 1934-லும் 1939-லும் வெளியிட்டவர் டாக்டர் எஸ். முஹம்மது ஹுசைன் நயினார். அரபு, பாரசீகம், தமிழ் மூன்றிலும் தேர்ந்த அப்பெருமகனாருக்கு நாம் பெரிதும் கடமைப்பட்டுள்ளோம். திருச்சியை நத்ஹர் வலி பெயரால் ‘நத்தர் நகர்’ என்றே அந்நூல் அழைக்கும் அழகு நம் மனத்தைத் தொடுவதே. ஆயினும் அவைக்களத்து நூலுக்கு அவைக்களத்தின் குறை உண்டு. அதில் முஹம்மது அலி முறையான அரசர். சந்தா சாகிபு பகைவர். ஆங்கிலேயர் நவாபுக்குத் துணைவந்த நண்பர்கள். நண்பர்களின் பீரங்கிக்கும் வெடிமருந்துக்கும் யார் கணக்கில் பற்றெழுதப்பட்டது என்பதை அறிய விரும்புவோர்க்கு அந்நூலில் விடை கிடைப்பதில்லை.

ஓர்மின் நூலோ அதற்கு நேர்மாறான வகையைச் சேர்ந்தது. எந்த மேட்டில் எந்தப் பீரங்கி நின்றது, எந்த இரவில் எத்தனை வண்டிகள் வந்தன என்பதுவரை அவர் எழுதுகிறார். களத்தை அறிய அவரை விட்டால் வழியில்லை. ஆனால் அவருடைய நூலில் இந்திய மன்னர்கள், ஐரோப்பியத் தளபதிகளின் திறமைக்குப் பின்புலமாக வரையப்பட்ட திரைச்சீலைகளாகவே நிற்கின்றனர். நாட்டின் அரசியல் எங்கே முடிந்து கம்பெனியின் வாணிபம் எங்கே தொடங்கியது என்று அவர் கோடு கிழித்துக் காட்டுவதில்லை. கம்பெனி ஊழியரிடம் அதை எதிர்பார்ப்பதும் பொருந்தாது.

ஹில் தம் நூலின் தலைப்பிலேயே யூசுப்கானைக் ‘கலகக்காரத் தளபதி’ என்று குறிக்கிறார். அவர் யூசுப்கானை வெறுத்தவரல்லர். அவர் திறமையை மதித்தே எழுதுகிறார். எனினும், கலகம் யாருக்கு எதிராக என்னும் கேள்வி தலைப்பிலேயே எழுகிறது. யூசுப்கான் கம்பெனிச் சிப்பாய்களின் தளபதி; அதே வேளையில், நவாபுக்கு உரியதெனப்பட்ட மதுரை, திருநெல்வேலிச் சீமைகளின் குத்தகைதாரர். கம்பெனி அவரை வளர்த்தது. பின்னர் நவாபின் ஊழியராக அடங்கியிரு என்றது. இரு எசமானர்களுக்கு இடையில் நின்றவர், 1763-ல் இருவரையும் உதறிவிட்டுப் பிரெஞ்சுக் கொடியை ஏற்றினார். 1764 அக்டோபர் 15-ல், தம்மவராலேயே காட்டிக்கொடுக்கப்பட்டு மதுரையில் தூக்கிலிடப்பட்டார். தொழுகையில் இருந்தபோது பிடிக்கப்பட்டார் என்பது மக்கள் நினைவில் நீங்காது நிற்கும் செய்தி.

‘கான்சாகிபு சண்டை’யின் சிறப்பு ஒன்றைக் குறிப்பிட வேண்டும். வென்ற நவாபின் பெயரையோ கம்பெனியின் பெயரையோ சூடாமல், தோற்றவரின் பெயரையே அப்பாடல் தலைப்பாகச் சூடியிருக்கிறது. அரசவை மறந்ததைத் தெருப்பாடகன் மறக்கவில்லை. ஆயினும் கதைப்பாடலுக்கு வீரமும் துரோகமுமே உயிர்நாடி. யார் யாரை நம்பினார், யார் யாரைக் காட்டிக்கொடுத்தார் என்பதோடு அதன் உலகம் முடிந்துவிடுகிறது. சிப்பாய்க்கு மாதச் சம்பளம் எங்கிருந்து வந்தது என்று பாட்டில் கேட்க முடியாது.

அதைக் கேட்டவர் ஆனந்தரங்கப் பிள்ளை ஒருவரே எனலாம். துய்ப்ளேயின் துபாஷியாக இருந்த அவர் ஒரு வணிகர். சந்தா சாகிபின் குடும்பத்தார் புதுச்சேரியில் அடைக்கலம் புகுந்த காலத்திலிருந்து, யார் யாருக்கு என்ன நஸர் கொடுத்தார், எந்தப் பணம் எவ்வளவு நிலுவை என்பனவற்றையும் வதந்திகளோடு வதந்தியாக எழுதி வைத்தார். அவருக்கும் சார்புகள் உண்டு, விருப்பு வெறுப்புகள் மிக உண்டு. ஆனால் இலக்கிய நயம் தேடாத அந்த அன்றாடக் குறிப்புகளில்தான், காவியமும் வரலாறும் மறைத்த கணக்கேடு திறந்து கிடக்கிறது.

அக்கணக்கேடு சொல்லும் பாடம் யாது? சந்தா சாகிபும் முஹம்மது அலியும் பகைவர்களாயினும் ஒரே வழியில் நடந்தவர்கள். இருவரும் முத்திரையைத் தம்மிடம் வைத்துக்கொண்டு வாளை வெளியாரிடம் வாடகைக்கு எடுத்தனர். வாடகையைச் செலுத்தப் பணமில்லாதபோது நிலவரியை அடகு வைத்தனர். சந்தா சாகிபின் கணக்கு திருவரங்கத்தில் ஒரே நாளில் முடிந்தது. முஹம்மது அலியின் கணக்கு நாற்பதாண்டுகளுக்கு மேல் நீண்டது. 1763-ன் பாரிஸ் உடன்படிக்கை அவரைக் கர்நாடகத்தின் நவாபாக ஏற்றது. 1765-ல் தில்லிப் பாதுஷாவின் ஃபர்மானும் வந்தது. சேப்பாக்கத்தில் அரண்மனை எழுந்தது. ஆனால் கடன் வளர்ந்தது. அக்கடனைப் பற்றி 1785-ல் எட்மண்ட் பர்க் இலண்டன் பாராளுமன்றத்தில் நிகழ்த்திய பேருரை புகழ்பெற்றது. அதற்கு முன்பே, 1781-ல், நாட்டின் வருவாய் முழுவதும் கம்பெனியிடம் ஒப்படைக்கப்பட்டிருந்தது. 1795-ல் அவர் மறைந்தார். 1801-ல் ஆட்சியும் மறைந்தது. படைக்கு ஊதியம் அளித்த கை, முத்திரையையும் வாங்கிக்கொண்டது.

இதே கதையை அரபு நாடொன்றில் காண விரும்புவோர் எகிப்தைப் பார்க்கலாம். அங்கும் ஒரு முஹம்மது அலி இருந்தார். 1811-ல் மம்லூக்குத் தலைவர்களைக் கெய்ரோக் கோட்டைக்கு விருந்துக்கு அழைத்துக் கொன்றார். விருந்தினரைக் கொன்ற பழி வரலாற்றில் அவரைவிட்டு நீங்கவில்லை. ஆனால் அவர் தம் நாட்டு உழவர் மக்களைக் கொண்டே படை அமைத்தார். வாளை வாடகைக்கு எடுக்காததால் அவர் வாழ்நாளில் முத்திரை பறிபோகவில்லை. அவர் பேரன் இஸ்மாயில் காலத்தில் கடன் பெருகியது. 1876-ல் கடன் வசூலுக்கென ஐரோப்பியர் ஆணையம் வந்தது. 1881-ல் அஹ்மத் உராபி என்னும் படைத் தலைவர் ஆபிதீன் அரண்மனை முன் படையோடு வந்து நின்று உரிமை கேட்டார். 1882-ல் ஆங்கிலேயர் நாட்டையே பிடித்துக்கொண்டனர். கடன், கலகத் தளபதி, அந்நியர் ஆட்சி என்ற அதே வரிசைதான் அங்கும்.

1952 ஜூலை 23-ல் எகிப்தின் இளம் படை அதிகாரிகள் அரசைக் கைப்பற்றினர். வாளும் முத்திரையும் ஒரே கையில் சேர்ந்தால் நோய் தீர்ந்துவிடும் என்று அன்று பலரும் நம்பினர். ஆனால் நாஸிர் நாட்டின் தலைவராக, அவருடைய நண்பர் அப்துல் ஹக்கீம் ஆமிர் படையின் தலைவரானார். 1953-ல் ஒரே தாவலில் மேஜர் பதவியிலிருந்து மேஜர் ஜெனரலாக உயர்த்தப்பட்டவர் ஆமிர். நட்பே அவருக்குத் தகுதியாயிற்று. 1962-ல் அவர் அதிகாரத்தைக் குறைக்க நாஸிர் முயன்றும் இயலவில்லை. 1967 ஜூன் மாதத் தோல்விக்குப் பின்னரே அப்படைத் தலைமை மாறியது. வாளை அயலாரிடம் கொடுப்பது ஒரு தவறு எனில், கேள்வி கேட்க இயலாத நண்பனிடம் கொடுப்பதும் அதற்கு இளைத்ததன்று.

இவற்றையெல்லாம் இங்கே எடுத்துரைப்பதற்கு ஒரு காரணம் உண்டு. நம் மேடைகளிலும் ஏடுகளிலும் இக்காலத்து மனிதர்களைப் பற்றிய பேச்சு இரண்டு சொற்களுக்குள் அடங்கிவிடுகிறது: தியாகி, துரோகி. முஹம்மது அலியைத் துரோகி என்றும் யூசுப்கானைத் தியாகி என்றும் எளிதாகப் பிரித்துவிடுகிறோம். யூசுப்கானின் பீரங்கிகள் ஆங்கிலேயரை எதிர்ப்பதற்கு முன், நெற்கட்டுஞ்செவல் பூலித்தேவரின் கோட்டைகளைத் தகர்த்தவை என்பதைச் சொல்லத் தயங்குகிறோம். முஹம்மது அலி ஹஜ்ஜுக்கும் தர்காக்களுக்கும் கோயில்களுக்கும் அளித்த கொடைகளைச் சொல்லும்போது, அக்கொடையும் கடன் வாங்கிய காசிலிருந்து வந்திருக்கலாகாதா என்று கேட்கத் தயங்குகிறோம். பெயர் நம் பெயராக இருப்பதால் மட்டும் ஒருவர் நமக்குப் பெருமையாகிவிடுவதுமில்லை, இழிவாகிவிடுவதுமில்லை.

ஆட்சி என்பது அமானிதம் என்று நாம் ஓதியிருக்கிறோம். அந்த அளவுகோலில் திருச்சிக் கோட்டையின் வரலாற்றை வைத்தால், அரசி மீனாட்சிக்குக் கொடுத்த வாக்கும், நஞ்சராஜருக்குக் கொடுத்த வாக்கும், சந்தா சாகிபுக்கு மானோஜி கொடுத்த வாக்கும் ஒன்றன்பின் ஒன்றாக முறிந்ததே அதில் முதன்மையாகத் தெரியும். முறித்தவரில் முஸ்லிமும் உண்டு, இந்துவும் உண்டு. வாக்கு முறிந்த இடத்தில் நட்பு நில்லாது. நட்பில்லாத அரசன் கூலிப்படையைத் தேடுவான். கூலிப்படை கடனைக் கொண்டுவரும். வீழ்ச்சியின் படிகள் இவையே. ஐந்து நூல்களில் ஒன்றும் இப்படிகளை முழுமையாக எண்ணிக் காட்டவில்லை. ஐந்தையும் சேர்த்துப் படிப்பவர்க்கே அவை புலப்படுகின்றன.

ஒருவரையொருவர் அழிக்க முனைந்த சந்தா சாகிபும் முஹம்மது அலியும் இன்று திருச்சியிலேயே, நத்ஹர் வலியின் நிழலிலேயே அடங்கியிருக்கின்றனர். இருவருக்கும் பிழை பொறுக்க நாம் துஆச் செய்யலாம். அது நம் கடமை. ஆனால் அவர்கள் வரலாற்றை நம் பிள்ளைகளுக்குக் கற்பிக்கும்போது, ஒருவரை உயர்த்தவும் மற்றவரைத் தாழ்த்தவும் விரையாமல், பிள்ளையவர்களின் நாட்குறிப்பையும் புர்ஹானின் நூலையும் அருகருகே வைத்து, படைக்கு யார் ஊதியம் கொடுத்தார் என்ற ஒரு கேள்வியைக் கேட்கக் கற்றுத்தருவோமாக. ஆளும் தகுதியை எடைபோட அதைவிட நேர்மையான தராசு அரசியலில் இல்லை.