மன்னன் × மன்றம்: விடுபட்ட மூன்றாம் தரப்பு

இங்கிலாந்தின் உள்நாட்டுப் போரை (1642–51) நாம் வாசிக்கப் பழகியிருக்கிற முறையில் ஒரு சௌகரியம் இருக்கிறது. மன்னன் × நாடாளுமன்றம். எதேச்சாதிகாரம் × சட்டம். மன்னனின் தலை உருள்கிறது, மன்றம் ஜெயிக்கிறது, ஜனநாயகம் பிறக்கிறது. கதை முடிந்தது. பள்ளிப் பாடநூல் தொடங்கி மேடைப் பேச்சு வரை இந்த இருமை எதிர்வு கேள்வியின்றிப் புழங்குகிறது. இந்தக் கதையாடலில் யார் பேசுகிறார்கள் என்பதைவிட யார் பேசவே இல்லை என்பதுதான் என் கேள்வி. சவ்வாது மலையில், புதூர்நாட்டில் இருந்துகொண்டு வாசிக்கிறவனுக்கு இந்தக் கேள்வியைத் தவிர்க்க முடியாது.

முதலாம் சார்லஸ் 1629 முதல் 1640 வரை மன்றத்தைக் கூட்டாமலே ஆண்டான். வரி போட மன்றத்தின் சம்மதம் வேண்டும், மன்றம் இல்லை. ஆகவே பழைய உரிமைகளைத் தூசி தட்டி எடுத்தான். கடலோரத்தார் மட்டும் கட்டிவந்த கப்பல் வரியை 1635இல் உள்நாட்டுக்கும் விரித்தான். ஜான் ஹாம்ப்டன் கட்ட மறுத்து வழக்காடினார். பன்னிரண்டு நீதிபதிகளில் ஏழு பேர் மன்னன் பக்கம் நின்றார்கள். இது எல்லோரும் சொல்கிற பகுதி.

சொல்லாமல் விடுகிற பகுதி காடு. வழக்கொழிந்துபோன காட்டு எல்லைகளை மீட்டெடுத்து, ‘நீ இருப்பது ராஜாவின் காடு’ என்று சொல்லி அபராதம் வசூலித்தான் சார்லஸ். 1641இல் மன்றம் இதற்குக் கடிவாளம் போட்டது. பெரிய நிலக்காரர்கள் மூச்சு விட்டார்கள். சரி, அந்தக் காடுகளில் விறகு பொறுக்கியவர்கள், மாடு மேய்த்தவர்கள்? காடுகள் வேலியடைக்கப்பட்டபோது, 1626க்கும் 1632க்கும் இடையில், மேற்கு இங்கிலாந்தில் வேலிகளைப் பிடுங்கியெறிந்து கலகம் செய்தவர்கள் அவர்கள்தான். மன்னன் போன பிறகு, 1653இல், அரசக் காடுகளை விற்க மன்றமே சட்டம் போட்டது. சதுப்பு நிலங்களை வடித்துப் பங்குபோடும் திட்டமும் அப்படித்தான்: மன்னன் காலத்தில் தொடங்கியது, தலை விழுந்து நான்கே மாதத்தில், 1649 மே மாதம், மன்றத்தின் சட்டமாகிவிட்டது.

இந்தக் கதையை இங்கே ஒரு பெரியவரிடம் சொன்னேன். “ராசா போனாரு சரி தம்பி, காட்டை யாரு பேருல எழுதுனாங்க?” என்றார். பாடநூல் கேட்காத கேள்வி.

ஆனால் அங்கேயும் கேட்டவர்கள் இருந்தார்கள். 1647இல் பட்னி தேவாலயத்தில் மன்றப் படையின் சிப்பாய்களும் தளபதிகளும் விவாதித்தார்கள். ஆகக் கடைசி ஏழையும் தன் சம்மதமில்லாத அரசுக்குக் கட்டுப்பட்டவனல்ல என்றார் ரெய்ன்ஸ்பரோ. நிலையான சொத்து உள்ளவனுக்கே நாட்டின் விவகாரத்தில் குரல் உண்டு என்றார் அயர்ட்டன். இரண்டு பேரும் மன்னனை எதிர்த்துப் போரிட்டவர்கள் என்பதுதான் விஷயம். பிளவு மன்னனுக்கும் மன்றத்துக்கும் நடுவில் மட்டுமல்ல, மன்றத்தின் முகாமுக்கு உள்ளேயே ஓடியது. 1649 மே மாதம் பர்ஃபோர்டில் கலகச் சிப்பாய்கள் மூன்று பேரைச் சுட்டுக்கொன்று கிராம்வெல் விவாதத்தை முடித்துவைத்தார். சமத்துவம் கேட்டுச் சிறைப்பட்டவர்களை விடுவிக்கக் கோரி மனு கொடுத்த பெண்களிடம், வீட்டுக்குப் போய்ப் பாத்திரம் கழுவச் சொன்னது வெற்றிபெற்ற மன்றம். அதே வருஷம் புனித ஜார்ஜ் குன்றின் பொதுநிலத்தில் வின்ஸ்டன்லியும் தோழர்களும் காரட்டும் அவரையும் விதைத்தார்கள். ஒரு வருஷத்தில் விரட்டியடிக்கப்பட்டார்கள். இன்று அந்தக் குன்று பணக்காரர்களின் காவலுள்ள குடியிருப்பு.

புனித ஜார்ஜ் என்ற பெயர் நமக்கும் தெரிந்ததுதான். சார்லஸ் மறுபடி மன்றத்தைக் கூட்டிய அதே 1640இல் கம்பெனிக்காரர்கள் சென்னையில் கோட்டை எழுப்பினார்கள். மன்னனைக் கொன்ற கிராம்வெல் 1657இல் கம்பெனிக்குச் சாசனம் கொடுத்தார். கொல்லப்பட்ட மன்னனின் மகன் 1661இல் கொடுத்தான். வியாபாரத்தில் இரு தரப்புக்கும் சண்டையே இல்லை! 1792இல் பாராமகால் கம்பெனி கைக்கு வந்தபோது, நம் அடிவாரத்துத் திருப்பத்தூரில் உட்கார்ந்து அலெக்சாண்டர் ரீட் நிலத்தை அளந்து வரி போட்டார். 1882இல் சென்னை வனச் சட்டம் வந்தது. சார்லஸ் அரைகுறையாகச் செய்ததை அது முழுசாகச் செய்தது. இம்முறை தடுக்க எந்த மன்றமும் இல்லை.

நம்மிடம் இப்படியொரு மரபே இல்லையா? 1429இல், இரண்டாம் தேவராயர் காலத்தில், வலங்கை 98 சாதியாரும் இடங்கை 98 சாதியாரும் பகையை ஒதுக்கிக் கூடி, எந்த வரியைக் கட்டுவோம், எதைக் கட்டமாட்டோம் என்று முடிவெடுத்துக் கோயில் சுவரில் வெட்டிவைத்தார்கள். அரச அதிகாரிகளோடு சேர்ந்து ஒடுக்கிய பிராமண, வெள்ளாளக் காணியாளர்களையும் அந்தக் கல்வெட்டுகள் பெயர் சொல்லிக் குற்றம்சாட்டுகின்றன. அந்த மக்களுக்கு மன்னனும் மேல்சாதி நிலவுடைமையும் ஒரே கையின் இரண்டு விரல்கள். கராஷிமாவும் சுப்பராயலுவும் இதை விரிவாக ஆராய்ந்திருக்கிறார்கள். ஆனால் எம்.ஏ. தமிழ் வகுப்பில் கல்வெட்டு என்றால் எழுத்து வடிவமும் சொல் வடிவமும்தான். மக்கள் சபையின் அரசியல் பிரதியாக அதை வாசிக்க யாரும் சொல்லித்தரவில்லை. ஹாம்ப்டன் வரலாறு, இவர்கள் தொல்லியல். நமது வாசிப்பின் அடிமைத்தனம் இது.

இந்தச் சபையின் பெயர்தான் நாடு. சோழர் காலக் கல்வெட்டுகளில் நாடு என்பது நிலப்பகுதி; அதன் பேரால் கூடி முடிவெடுத்தவர்கள் நாட்டார். புதூர்நாடு, நெல்லிவாசல்நாடு, புங்கம்பட்டுநாடு என்று இந்த மலையில் அந்தச் சொல் ஊர்ப்பெயராக இன்னும் உயிரோடு இருக்கிறது. இதைப் புனிதப்படுத்த நான் தயாரில்லை. ஊர்ப் பெரியவர்கள் கூடும் கூட்டத்தில் பெண்கள் ஓரமாக நிற்கிறார்கள். லண்டன் மன்றம் சொன்னதைத்தான் இங்கேயும் வேறு வார்த்தையில் சொல்கிறோம்.

அதற்காக 1649ஐ ‘முதலாளிகளின் சண்டை’ என்று தள்ளிவிடும் தோழர்களோடும் எனக்கு உடன்பாடில்லை. மன்னனை இருட்டில் கொல்வது பழசு. பட்டப்பகலில், குடிகளுக்கு எதிராகப் போர் தொடுத்தாய் என்று குற்றம்சாட்டி விசாரித்தது புதுசு. அதிகாரம் பதில் சொல்லியாக வேண்டும் என்ற எண்ணத்தை அதன்பிறகு யாராலும் திரும்பப் புதைக்க முடியவில்லை. மன்றமும் பதில் சொல்லியாக வேண்டும் என்பதே மண்வெட்டிக்காரர்கள் அதோடு சேர்த்த வரி.

நம் நாடாளுமன்றம் 2006இல் வன உரிமைச் சட்டம் போட்டது. உரிமையை நிர்ணயிக்கும் வேலையைத் தொடங்கும் அதிகாரம் கிராம சபைக்கு என்றது. தமிழ்நாட்டில் பட்டா வழங்குவதற்கிருந்த நீதிமன்றத் தடை 2016இல்தான் விலகியது. இடையில், 2015 ஏப்ரல் 7 அன்று, சேஷாசலம் காட்டில் ஆந்திரக் காவல்படை சுட்டுக்கொன்ற 20 பேரில் சவ்வாது மலைக்காரர்களும் இருந்தார்கள். சட்டம் காகிதத்தில் மன்றத்துடையது. அதைச் சட்டமாக்குவது சபையில் உட்காரும் கூட்டம். அந்தக் கூட்டத்தில் யார் உட்காருகிறார்கள், யார் தீர்மானத்தை எழுதுகிறார்கள், பெண்கள் பேசினால் அது பதிவாகிறதா? உள்நாட்டுப் போரின் முடியாத பாதி இங்கேதான் நடந்துகொண்டிருக்கிறது. நம் விமர்சனம் இனி வாசிக்க வேண்டிய பிரதி கிராம சபையின் தீர்மானப் புத்தகம்.