முள்வேலியும் மலைச்சிங்கமும்: ‘ஃபிளிக்கா’ – புதினமும் திரைப்படமும்

மேரி ஓஹாரா எழுதி 1941இல் வெளிவந்த ‘மை ஃபிரெண்ட் ஃபிளிக்கா’, அமெரிக்காவின் வயோமிங் மாநிலத்துக் குதிரைப் பண்ணை ஒன்றைக் களமாகக் கொண்ட புதினமாகும். 1943இல் திரைவடிவம் பெற்ற இக்கதை, 2006இல் மைக்கேல் மேயரின் இயக்கத்தில் ‘ஃபிளிக்கா’ என்னும் பெயரில் மீண்டும் படமாக்கப்பட்டது. குடும்பத்தினர் அனைவரும் அமர்ந்து காணத்தக்க படம் என்பதில் ஐயமில்லை. எனினும், மூலத்திலிருந்து படம் எவற்றை மாற்றியுள்ளது, அம்மாற்றங்களால் கதையின் உட்பொருள் என்னவாயிற்று என்பதே இங்கு நாம் ஆராய விழைவது.

முதல் மாற்றம் வெளிப்படையானது. புதினத்தின் கென் என்னும் பத்து வயதுச் சிறுவன், படத்தில் கேட்டி என்னும் இளம்பெண்ணாகிறான். பண்ணையைத் தன் மகனே ஏற்று நடத்துவான் எனத் தந்தை எதிர்பார்க்க, அம்மகனோ கல்லூரிக்குச் செல்ல விரும்புகிறான். மண்ணின் மீது பற்றுக் கொண்டவள் மகளே. மரபுரிமை யாருக்கு உரியது என்னும் வினாவை எழுப்புவதால் இம்மாற்றம் வரவேற்கத்தக்கது. ஆயினும் ஓர் இழப்பும் இதில் உண்டு. ‘ஃபிளிக்கா’ என்பது சுவீடிய மொழியில் சிறுமியைக் குறிக்கும் சொல். கண்டிப்பு மிக்க தந்தையின் நிழலில் வளரும் ஓர் ஆண்பிள்ளை, அப்பெயருடைய குதிரைக்குட்டிக்காக உருகுவது புதினத்தின் நுட்பமான பகுதி. ஆண்மகனின் கனிவைப் பேசிய கதை, படத்தில் பெண்ணின் துணிவைப் பேசும் கதையாக மாறிவிடுகிறது.

இரண்டாவது மாற்றம் குதிரையின் பிறப்பைப் பற்றியது. புதினத்தில் ஃபிளிக்கா பண்ணையிலேயே பிறந்தவள். அவளுடைய தாய்வழியில் காட்டுக்குதிரையின் இரத்தம் ஓடுகிறது. படத்திலோ அவள் மலையிலிருந்து வரும் ‘மஸ்டாங்’. முன்னதில் அடங்காமை பண்ணைக்குள்ளேயே பிறக்கிறது. பின்னதில் அது வெளியிலிருந்து வருகிறது.

மூன்றாவது மாற்றமே நம் கருத்தில் முதன்மையானது. புதினத்தில் பிடிபட்ட ஃபிளிக்கா தப்பியோட முயன்று முள்கம்பி வேலியில் சிக்கிக் கிழிபடுகிறாள். அப்புண்களே அவளைச் சாவின் விளிம்புக்குக் கொண்டு செல்கின்றன. தந்தை அவளைச் சுட்டுவிடுமாறு பணிக்க, கென் ஓடை நீரில் இரவு முழுவதும் அவள் தலையைத் தாங்கியபடி அமர்ந்திருந்து கடுமையான காய்ச்சலில் வீழ்கிறான். படத்தில் அவளைக் குதறுவது மலைச்சிங்கம்; தந்தை இறுதியில் அவ்விலங்கையே சுட்டு வீழ்த்துகிறார்.

முள்கம்பி வேறொரு வேலிவகை மட்டுமன்று. 1874இல் ஜோசப் கிளிடன் காப்புரிமை பெற்ற பின்னர் விரைந்து பரவிய இவ்வேலி, அமெரிக்க மேற்கின் திறந்த மேய்ச்சல் வெளிகளைத் தனியுடைமைகளாகப் பிரித்தது. எனவே புதினத்தில் குதிரையைக் காயப்படுத்துவது பண்ணை வாழ்வின் அடிப்படையே எனலாம். குதிரையை நேசிக்கும் குடும்பமே அதைக் கிழிக்கும் வேலிக்கும் உரிமையாளர். கென்னின் அன்பு இக்குற்றத்திற்கு ஈடு செய்யும் முயற்சியாகவும் அமைகிறது. மலைச்சிங்கம் நுழைந்ததும் குற்றம் இயற்கையின் தலையில் ஏற்றப்படுகிறது. தந்தையின் துப்பாக்கி, அழிக்கும் கருவி என்னும் நிலை நீங்கிக் காக்கும் கருவியாகிவிடுகிறது. பார்வையாளர் மன நிறைவுடன் எழுந்து செல்லலாம். ஆனால் அவர்களை உறுத்த வேண்டிய கேள்வி மறைந்துவிடுகிறது.

காட்டுக்குதிரைகளைக் காக்கும் அமெரிக்கக் கூட்டாட்சிச் சட்டம் 1971இல் இயற்றப்பட்டது. அதற்கு முப்பது ஆண்டுகள் முற்பட்ட புதினம் மனிதப் பொறுப்பைத் துணிந்து காட்டியிருக்க, முப்பத்தைந்து ஆண்டுகள் பிற்பட்ட படம் அதைத் தவிர்ப்பது வியப்பளிக்கிறது.

தழுவல் மூலத்திற்கு அடிமையாக இருத்தல் வேண்டும் என்பது நம் கருத்தன்று. பாத்திரத்தின் பாலை மாற்றுவது படைப்பாளியின் உரிமை. ஆனால், காயத்தின் காரணத்தை மாற்றுவது கதையின் அறத்தையே மாற்றுவதாகும். வகுப்பறையில் புதினத்தையும் படத்தையும் ஒப்பிட்டுக் கற்பிக்கும் ஆசிரியர்கள், நிகழ்ச்சி வேறுபாடுகளைப் பட்டியலிடச் செய்வதோடு நில்லாமல், ‘இக்குதிரையைக் காயப்படுத்தியது யார்?’ என்னும் வினாவையும் மாணவர் முன் வைத்தல் நலம்.