காக்கையின் கருமையும் நம் கண்களும்

“காக்கைக்கும் தன் குஞ்சு பொன் குஞ்சு” என்னும் பழமொழியைத் தாயன்பின் புகழ்மொழியாகவே நாம் வழங்கி வருகின்றோம். சற்று நின்று சிந்தித்தால், அதனுள் ஓர் இகழ்ச்சி ஒளிந்திருப்பது புலப்படும். குஞ்சு அழகற்றது என்று முன்னரே தீர்ப்பிட்ட பிறகன்றோ அந்தத் தாயை நாம் பாராட்டுகின்றோம்!

நம் இலக்கியம் காக்கையைப் போற்றாமல் இல்லை. விருந்தினர் வரவை அறிவித்த காக்கைக்கு நெய்யும் சோறும் ஏழு கலங்களில் ஏந்திப் படைத்தாலும் குறைவே என்கிறாள் குறுந்தொகை 210ஆம் பாடலின் தோழி. அதைப் பாடிய நச்செள்ளையாருக்குக் ‘காக்கைபாடினியார்’ என்பதே பெயராயிற்று. கிடைத்த இரையை மறைக்காமல் தன் இனத்தை அழைத்துண்ணும் அதன் பண்பை வள்ளுவர் 527ஆம் குறளில் செல்வர்க்குப் பாடமாக்குகிறார். ஆயினும், நமக்கு உதவும் காக்கைக்கே இப்புகழ். பாட்டியின் வடையைக் கவ்விச் செல்லும் காக்கையோ நம் கதைகளில் திருட்டுக் காக்கை.

குயிலிடம் நாம் இவ்வாறு கணக்குப் பார்ப்பதில்லை. பாரதியாரின் ‘குயில் பாட்டு’ பாடும் குயிலைப் பெண்ணாகவே காண்கிறது. தோப்பில் நாம் கேட்டு மகிழும் இன்குரலோ ஆண் குயிலுடையது. பழுப்பு நிறமும் புள்ளிகளும் கொண்ட பெண் குயில் காக்கையின் கூட்டில் முட்டையிட்டுச் செல்ல, பிறக்கும் குஞ்சுக்கு இரையூட்டுவது காக்கையே. ஆண் குயிலும் கருமையானதுதான். அக்கருமையை நாம் பழிப்பதில்லை. எனவே, குறை நிறத்தில் இல்லை என்பது தெளிவு.

ஊர்க்காக்கைக்கு 1817இல் வியெய்யோ என்னும் பிரெஞ்சு அறிஞர் ‘கோர்வுஸ் ஸ்ப்ளெண்டென்ஸ்’ எனப் பெயரிட்டார். குருமடத்தில் கற்ற சிறிதளவு இலத்தீனைக் கொண்டே அதன் பொருளை அறிந்தோம்: ‘ஒளிரும் காக்கை’. காலை வெயிலில் அதன் இறகை நோக்கியவர் அப்பெயரை மறுக்கமாட்டார்.

லேவியர் நூல் காகத்தை உண்ணத்தகாத பறவைகளுள் வைத்தது. வானத்துப் பறவைகளை நோக்குமாறு பொதுவாகக் கூறும் ஆண்டவரின் போதனையை மத்தேயு தருகிறார். லூக்காவிலோ ஆண்டவர் காகங்களையே பெயர் சுட்டிக் கவனிக்கச் சொல்கிறார் (12:24). விலக்கப்பட்ட அப்பறவையையும் கடவுள் உணவளித்துக் காக்கிறார் என்பதே அங்குள்ள நற்செய்தி.

சில ஆண்டுகளுக்கு முன், ஓர் இல்லத்தில், கருநிறமுடைய சிறுமி ஒருத்தியை அவள் உறவினரே ‘காக்கை’ என்றழைத்தனர். அனைவரும் சிரித்தனர்; நாமும் புன்னகைத்தோம். அவள் மட்டும் தலைகவிழ்ந்து நின்றாள். அந்தப் புன்னகைக்காக இன்றும் வருந்துகின்றோம்.