பிரைவசி: ஜான்சன் தள்ளிவைத்த பொருள்

பிரைவசி என்ற ஆங்கிலச் சொல்லுக்குப் பிறந்த தேதி ஒன்றும் இறந்த தேதி ஒன்றும் இப்போது சொல்லப்படுகின்றன. பிறந்தது 1890 டிசம்பர் 15இல், ஹார்வர்ட் சட்ட இதழில் சாமுவேல் வாரன், லூயி பிராண்டைஸ் என்ற பாஸ்டன் வழக்கறிஞர்கள் இருவர் எழுதிய கட்டுரையில். இறந்தது 1999இல், சன் மைக்ரோசிஸ்டம்ஸ் தலைவர் ஸ்காட் மெக்னீலி அப்படியொன்று இனி யாருக்கும் கிடையாது என்று செய்தியாளர்களிடம் அறிவித்தபோது. பகிர்வதுதான் இனிச் சமூக வழக்கம் என்ற பொருளில் 2010இல் மார்க் ஸக்கர்பெர்க் பேசியதைக் கருமாதியாகக் கொள்வோரும் உண்டு. ஆக, 109 ஆண்டு ஆயுள். கூட்டங்களில் எடுத்துச்சொல்ல வசதியான இந்தக் கதையில் இரண்டு தேதிகளுமே பிழை. 1890க்கு முன்பே அச்சொல்லுக்கு மூன்று நூற்றாண்டு எழுத்து வரலாறு இருக்கிறது. 1999இல் பாடை கட்டப்பட்டதோ அதன் பல பொருள்களில் ஆக ஒல்லியான, 1960களில் வந்து சேர்ந்த ஒன்றுக்கு.

வேர் லத்தீனில். பிரிவாட்டுஸ் என்பவன் பதவியில்லாதவன், பொதுக் காரியங்களில் பங்கற்றவன். அதன் வினைச்சொல்லுக்குப் பறித்தல் என்று பொருள். ஹன்னா ஆரென்ட் 1958இல் எழுதிய 'தி ஹியூமன் கண்டிஷன்' இந்த இழப்பைத்தான் பிடித்துக்கொண்டது: வீட்டுக்குள் மட்டுமே வாழ்பவர் முழு மனிதராக எண்ணப்படாத பழைய உலகம் ஒன்று இருந்தது. ஆங்கிலப் படையில் எந்தப் பதவியும் இல்லாத கடைநிலைச் சிப்பாயை பிரைவேட் என்று அழைப்பதில் அந்த இழப்பு இன்றும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. பிரெஞ்சு வழியாக வந்த பிரிவி வேறு திசையில் போனது. மன்னருக்கு நெருக்கமானது, மறைவானது என்ற பொருளில் பிரிவி கவுன்சில் தமிழ்நாட்டுப் பழைய வழக்காடிகளுக்குத் தெரிந்த பெயர். 1971இல் ஒழிக்கப்பட்ட மன்னர் மானியத்தின் ஆங்கிலப் பெயரிலும் அதே சொல்தான். கொல்லைப்புறக் கக்கூசுக்கும் அதுவே பெயர். சாசர் தம் மில்லர் கதையின் முன்னுரையில் கடவுளின் மறைபொருளையும் மனைவியின் மறைவையும் இந்தக் குடும்பத்துச் சொல் ஒன்றால் சேர்த்துக் கட்டிச் சிலேடை செய்கிறார்.

ஷேக்ஸ்பியரிடம் பிரைவசி கண்ணியமான சொல்லாக வரவில்லை. 'வின்ட்சரின் குறும்புக்கார மனைவியர்' நாடகத்தில் சத்திரக்காரன், ஃபால்ஸ்டாஃபின் அறையில் ஒரு பெண் இருப்பதாகக் கேள்விப்பட்டு, தன் சத்திரம் மானமுள்ளது என்று கத்தி இச்சொல்லை வெட்கக்கேடாக உமிழ்கிறான். 'ட்ராய்லஸும் கிரெஸிடாவும்' நாடகத்தில் போருக்குப் போகாமல் கூடாரத்தில் ஒதுங்கிக் கிடக்கும் அகிலீஸ், தன் ஒதுக்கத்துக்குக் காரணம் உண்டு என்கிறான். யுலிஸிஸ் அசரவில்லை. ப்ரியம் மன்னனின் மகளோடு அவனுக்குள்ள காதல் ஊரறிந்தது என்கிறான். விழித்திருக்கும் அரசுக்குத் தெரியாதது எதுவும் இல்லை என்கிறான். அரசின் கண்காணிப்பு கணினி யுகத்தின் கண்டுபிடிப்பு என்று நம்புவோர் 1602 வாக்கில் எழுதப்பட்ட இக்காட்சியைப் படிக்கலாம்.

இந்தச் சொல்லின் வரலாற்றில் உண்மையான திருப்பம் சாமுவேல் ஜான்சனின் 1755 அகராதி. சட்டக்காரர்கள் அதைத் திரும்பிப் பார்ப்பதே இல்லை. ஜான்சன் பிரைவசிக்கு நான்கு பொருள் தருகிறார்: இரகசியம், ஒதுங்கியிருத்தல், சிலர் சேர்ந்து அறிந்திருத்தலும் அதிலுள்ள மிகுந்த நெருக்கமும், வாய் திறவாமை. மூன்றாவதற்குப் பக்கத்தில், இப்பொருளில் இச்சொல்லை ஆள்வது முறையன்று என்று ஒரு கண்டிப்பும் எழுதிவைக்கிறார். அப்பொருளுக்குப் பிரிவிட்டி என்ற சகோதரச் சொல் இருக்கிறதே என்பது அவர் கணக்கு. 1828இல் நோவா வெப்ஸ்டர் அதே பொருளை வழக்கில் இல்லாதது என்று குறித்துக் கதவைச் சாத்தினார். பிரிவிட்டியோ பின்னாளில் ஒப்பந்தச் சட்டத்தின் கலைச்சொல்லாகச் சுருங்கிப்போனது. ஒருவர் தனியே வைத்திருப்பது என்ற பொருள் தங்கியது. சிலர் தமக்குள் வைத்திருப்பது என்ற பொருள் அகராதியிலிருந்து கழிந்தது. பின்னால் வந்த குழப்பங்களில் பாதி இந்தக் கழிவிலிருந்து தொடங்குகிறது.

அகராதி கழித்ததை வழக்கு உடனே கழித்துவிடவில்லை. வெப்ஸ்டரே ஒரு பொருளாகத் தருவது இடத்தை: ஆள் நடமாட்டமில்லாத மறைவிடம். அதனால் பழைய ஆங்கில உரைநடையில் ஒருவர் பிரைவசிக்கு 'உள்ளே' இருப்பார். அதை 'உடைமையாக' வைத்திருப்பதாகச் சொல்வது அரிது. நீதிமன்றங்களும் அதை இடமாகவும் உறவாகவும்தான் முதலில் கண்டன. 1849இன் இளவரசர் ஆல்பர்ட் எதிர் ஸ்ட்ரேஞ்ச் வழக்கில் விக்டோரியாவும் ஆல்பர்ட்டும் தம் நெருங்கியவர்களுக்காகச் செதுக்கிய செப்புத்தகட்டு ஓவியங்களை வேறொருவர் காட்சிக்கு வைக்க முனைந்தார். அதைத் தடுத்த தீர்ப்பில் காட்டனம் பிரபு மீறப்பட்ட உரிமையைப் பிரைவசி என்றே பெயரிட்டார். அது தனியொரு மனிதருடையதன்று, ஒரு தம்பதியுடையது. வாரனும் பிராண்டைஸும் மேற்கோள் காட்டி நம்பியிருந்த வழக்குகளில் இதுவும் ஒன்று. தாங்கள் புதிதாய்க் கண்டுபிடித்ததாக அவர்களே சொல்லிக்கொள்ளவில்லை.

இதைவிடச் சுவையான பக்கம் இந்தியாவில் எழுதப்பட்டது. ஆங்கிலச் சொல் வரலாறுகள் அதைக் கிட்டத்தட்டப் படிப்பதே இல்லை. 1866இல் சென்னை உயர் நீதிமன்றத்துக்குக் கோமதி எதிர் குருநாத பிள்ளை என்ற வழக்கு வந்தது. பக்கத்து வீட்டுக்காரர் திறந்த சன்னல் தன் வீட்டைப் பார்க்கிறது என்பது புகார். பிரைவசி கெடுகிறது என்பதற்காக மட்டும் சன்னலை அடைக்கச் சொல்ல முடியாது, வேண்டுமானால் தன் நிலத்தில் மறைப்பு எழுப்பிக்கொள்ளலாம் என்ற போக்கில் நீதிமன்றம் கைவிரித்தது. குஜராத் பகுதிகளில் பம்பாய் நீதிமன்றம் வழக்காற்றை மதித்து இதற்கு மாறான முடிவுக்கு வந்திருந்தது. 1888இல் அலகாபாத்தில் கோகல் பிரசாத் எதிர் ராதோ வழக்கு. புதிதாகக் கட்டிய வீட்டின் தாழ்வாரமும் கதவுகளும் அண்டை வீட்டுப் பெண்கள் புழங்கும் பகுதியை நோக்கி இருந்தன. பர்தா முறை நிலவும் அந்த மாகாணத்தில் வழக்காற்றின் அடிப்படையில் பிரைவசி உரிமை உண்டு என்று தலைமை நீதிபதி ஜான் எட்ஜ் தீர்ப்பளித்தார். பாஸ்டன் கட்டுரைக்கு இரண்டு ஆண்டு முந்தையது இது. ஆங்கிலத்தில், ஆங்கில நீதிபதியால், உரிமை என்ற சொல்லோடு சேர்த்து எழுதப்பட்டது. அந்த உரிமை யாருடையது என்று பார்த்தால், ஒரு வீட்டினுடையது. முற்றமும் தாழ்வாரமும் அவற்றில் நடமாடும் பெண்களும் சேர்ந்த ஒரு தொகுப்பினுடையது.

இதைக் கொண்டாடிவிட்டு நகர முடியாது. வழக்குக்குக் காரணமான பெண்களின் குரல் அந்தத் தீர்ப்பில் கேட்பதில்லை. வீட்டின் மறைவு காப்பாற்றப்பட்டால் வீட்டுக்குள் பெண்ணுக்கு மறைவு கிடைத்துவிடுமா? சார்லட் பெர்கின்ஸ் கில்மன் 1898இல் 'பெண்களும் பொருளாதாரமும்' நூலில் இதை அப்பட்டமாகச் சொன்னார்: இல்லம் தருவது குடும்பத்தின் மொத்தப் பிரைவசி, அது ஒவ்வொருவருக்குமான பிரைவசியைத் தருவதில்லை, தடுக்கவே செய்கிறது. இச்சொல்லுக்குள் இரண்டு பொருள்கள் சண்டையிடுவதைக் கண்டு எழுதியவர்களில் கில்மன் முன்னோடி. பாஸ்டன் இருவருக்கும் கிடைத்த புகழில் பத்தில் ஒரு பங்குகூட அவருக்குக் கிடைக்கவில்லை. வர்ஜீனியா வுல்ஃப் 1929இல் பெண்ணுக்கென்று ஓர் அறை கேட்டபோது அடிநிலம் கில்மன் தயாரித்ததுதான். 1980களில் கேதரின் மெக்கின்னன், வீட்டுக்குள் அடி வாங்கும் பெண்ணுக்கு இச்சொல் பூட்டிய கதவாகிறது என்று இன்னும் கடுமையாக எழுதினார்.

வாரன், பிராண்டைஸ் கட்டுரை நேர்த்தியானது, செல்வாக்கும் பெரியது. ஆனால் அதன் பிரைவசி கனவானுடையது: விருந்தும் மாளிகையும் உள்ளவர் பத்திரிகைக்காரரிடமிருந்து கேட்கும் ஒதுக்கம். வாரன் மகளின் திருமணச் செய்திதான் கட்டுரைக்குத் தூண்டுதல் என்று வில்லியம் ப்ராஸர் 1960இல் பரப்பிய கதை சட்ட வகுப்புகளில் நெடுங்காலம் ஓடியது. வாரன் மணந்துகொண்டதே 1883இல். 1890இல் அந்த மகள் சிறு குழந்தை. சாதாரண மக்களுக்கு இச்சொல் என்ன செய்யும் என்பது 1902இல் நியூயார்க்கில் சோதிக்கப்பட்டது. மாவு நிறுவனம் ஒன்று ஓர் இளம்பெண்ணின் படத்தைக் கேளாமலே 25,000 விளம்பரத் தாள்களில் அச்சிட்டது. அவருக்கு அப்படியொரு உரிமை இல்லை என்று நான்குக்கு மூன்று என நீதிபதிகள் முடிவுசெய்தார்கள். எழுந்த கண்டனத்தில் மறு ஆண்டே மாநிலம் சட்டம் இயற்ற வேண்டியதாயிற்று.

பிறகு அமெரிக்க நீதிமன்றங்களில் சொல் வேகமாக இடம் மாறியது. 1965இல் கிரிஸ்வால்ட் வழக்கில் கருத்தடைத் தடை வீழ்ந்தபோது காக்கப்பட்டது திருமண உறவின் பிரைவசி. இருவர் சேர்ந்து வைத்திருப்பது. 1972இல் ஐஸன்ஸ்டாட் வழக்கில் அது மணமானவரோ ஆகாதவரோ, ஒவ்வொரு தனிமனிதருடையதும் ஆனது. கில்மன் கேட்டது ஒரு வழியில் கிடைத்தது. 1973இல் ரோ தீர்ப்பு அதைக் கருக்கலைப்புக்கு நீட்ட, அமெரிக்க அரசியல் பேச்சில் பிரைவசி அதற்கான இடக்கரடக்கலாகவே ஆகிவிட்டது. 2022இல் டாப்ஸ் தீர்ப்பு அந்தக் கட்டடத்தை இடித்தது. சொல் பிறந்த இங்கிலாந்தின் நிலை இன்னும் வேடிக்கை. 1990இல் மருத்துவமனைப் படுக்கையில் கிடந்த நடிகர் கோர்டன் கேயை ஒரு செய்தித்தாளின் ஆட்கள் உள்ளே நுழைந்து படமெடுத்தார்கள். ஆங்கிலச் சட்டத்தில் பிரைவசி என்றொரு உரிமை இல்லை என்று நீதிபதிகள் வருத்தத்தோடு கூறினார்கள். நவோமி கேம்பெல் 2004இல் வென்றதும்கூட அந்தரங்கத் தகவலைத் தவறாகப் பயன்படுத்தல் என்ற சுற்றுவழிப் பெயரில்தான். இரு நாடும் உச்சரிப்பிலும் ஒன்றவில்லை: பிரிட்டனில் பலர் ப்ரிவசி என்று குறுக்குவார்கள், தமிழ் எழுத்து அமெரிக்க வாயையே பின்பற்றுகிறது.

இன்று கோலோச்சும் பொருள் ஆலன் வெஸ்டினுடையது என்று சொல்லப்படுகிறது. 1967இல் 'பிரைவசியும் சுதந்திரமும்' நூலில் அவர் தந்த வரையறை: தம்மைப் பற்றிய தகவல் எப்போது, எப்படி, எவ்வளவு பிறரிடம் சேர வேண்டும் என்று தாமே முடிவுசெய்யும் கோரிக்கை. அந்தக் கோரிக்கையைத் தனிமனிதர்களுக்கு மட்டும் அவர் தரவில்லை, குழுக்களையும் நிறுவனங்களையும் சேர்த்தே எழுதியிருந்தார். எடுத்தாண்டவர்கள் குழுவை நைசாக விட்டுவிட்டார்கள். அவர் பிரைவசியின் நிலைகள் என்று வகுத்த நான்கு, தனிமை, நெருக்கம், முகமறியாமை, அடக்கம். இதில் தனிமை ஜான்சனின் ஒதுங்கியிருத்தல், அடக்கம் வாய் திறவாமை. நெருக்கமோ ஜான்சன் முறையன்று என்று ஒதுக்கிய அதே மூன்றாவது பொருள். 212 ஆண்டு கழித்துப் புறவாசல் வழியே திரும்பியதை யாரும் வரவேற்கவில்லை. கணினித் துறை தனக்கு வேண்டிய ஒரு துண்டை மட்டும், தகவல்மீது தனியாளின் கட்டுப்பாடு என்பதை, எடுத்துக்கொண்டது. சொல்லின் இலக்கணமும் மாறியது. ஒருவர் உள்ளே இருந்த இடம், விட்டுக்கொடுக்கவும் பேரம் பேசவும் அமைப்புப் பக்கத்தில் திருகவும் தக்க பொருளானது. யாரும் படிக்காத கொள்கை ஆவணம் ஒன்றின் தலைப்பில் பெயரடையாக நிற்பதுதான் இன்று அதன் அன்றாட வேலை. டேனியல் சோலவ் 2006இல் அதன் மீறல்களைப் பதினாறு வகையாக அடுக்கினார். பயனுள்ள பட்டியல், ஆனால் பட்டியல்தான். ஹெலன் நிசன்பாம் 2010இல் கூர்மையான கேள்விக்கு வந்தார்: தகவல் யார் கையில் என்பதைவிட, மருத்துவரிடம் சொன்னது மருத்துவ உறவின் நெறிக்குள் நிற்கிறதா என்பதே முக்கியம். உறவுக்குள் வைத்திருத்தல் என்ற பழைய பொருளுக்கு அண்மைக் காலத்தில் கிடைத்த மிகச் சிறந்த வாதம் அது.

இந்தியச் சட்ட ஆங்கிலத்தில் இரண்டு பொருளும் சேர்ந்தே வாழ்கின்றன. ஆட்டோ சங்கரின் தன்வரலாற்றை நக்கீரன் வெளியிடுவது பற்றிய 1994 தீர்ப்பில் உச்ச நீதிமன்றம், தன்னுடையதை மட்டுமன்றித் தன் குடும்பம், திருமணம், தாய்மை ஆகியவற்றின் பிரைவசியையும் காக்கக் குடிமகனுக்கு உரிமை உண்டு என்றது. 2017 ஆகஸ்ட் 24இல் புட்டசாமி வழக்கில் ஒன்பது நீதிபதிகள் அதை அடிப்படை உரிமையாக்கியபோது, மெக்கின்னன் வகையான பெண்ணிய எதிர்ப்பையும் தீர்ப்பு கணக்கில் எடுத்துக்கொண்டது.

தனியாள் கட்டுப்பாடு என்ற பொருள் எங்கே உடைகிறது என்பதை மரபணு காட்டிவிட்டது. 2018இல் கலிஃபோர்னியக் காவல்துறை, பல பத்தாண்டுகளாகத் தேடிய கொலைகாரன் ஒருவனை ஜெட்மேட்ச் என்ற வம்சாவளித் தளத்தின் மூலம் கண்டுபிடித்தது. அவன் அதில் எதையும் பதிவேற்றியதில்லை. பதிவேற்றியவர்கள் தூரத்து உறவினர்கள். மறு ஆண்டு அந்தத் தளம் விதியைத் திருத்தி, பயனர் தாமே சம்மதித்தால் மட்டுமே அவருடைய தரவைக் காவல்துறை தேடலாம் என்றது. ஒவ்வொரு பயனரும் தம் பெயரில் மட்டும் சம்மதம் தருகிறார். அதே மரபணுவில் பங்குள்ள அண்ணன் தம்பியையும் சித்தப்பா பிள்ளைகளையும் கேட்பதற்கு அந்தப் படிவத்தில் இடம் இல்லை.